அம்மாவுக்கு யார் சொல்வது

சித்தப்பா அம்மாவின் எண்ணை அழுத்திக்கொண்டிருக்கும்போதே அவள் கைப்பேசியைப் பிடுங்கிக்கொண்டாள். வராந்தாவில் போன நர்ஸ் திரும்பிப் பார்த்தாள்.

"நா... நான் போய் சொல்றேன்."

சித்தப்பா தலையில் அடித்துக்கொள்ளாத குறை. இது திக்கித் திக்கிச் சொல்கிற சேதியா, இவள் ஆரம்பித்து முடிப்பதற்குள் அண்ணிக்கு ஏதாவது ஆகிவிட்டால் யார் பதில் சொல்வது என்றார். பேச்சில் நியாயம் இருந்தது. அதுதான் அவளுக்கு எரிச்சல்.

அப்பாவுக்குச் செய்தது சின்ன ஆபரேஷன். மதியம் வீட்டுக்கு அனுப்புவதாக இருந்தார்கள். கட்டிலில் உட்கார்ந்து தலை வாரிக்கொண்டிருந்த மனிதர் சீப்பும் கையுமாக அப்படியே சாய்ந்தார். விளையாடுகிறார் என்றுதான் நினைத்தாள். "எழுந்திருங்கப்பா" என்றாள். அதில் ஒரு திக்கல்கூட இல்லை. டாக்டர் வந்து கையை விரித்த பிறகும் அவளுக்கு நம்பிக்கை வரவில்லை.

கண்ணாடிக் கடையில் கண் பரிசோதிக்கிற வேலை அவளுக்கு. வருகிறவர்களிடம் எடுத்த எடுப்பிலேயே, எனக்குத் திக்கும், கொஞ்சம் பொறுத்துக்குங்க என்று சொல்லிவிடுவாள். அவர்களும் பலகையைப் பார்த்து எழுத்து எழுத்தாகத் தடுமாறுகிறவர்கள்தானே. சிரித்துப் பழகிவிடுவார்கள். ஊரே பொறுக்கும், அம்மா மட்டும் பொறுக்க மாட்டாள். இவள் வாயைத் திறந்தால் போதும், மிச்சத்தை அம்மா முடித்துவைப்பாள். எல்லாம் பாசம்தான். ஒரு கல்யாணப் பேச்சில் இவள் "எனக்கு" என்று ஆரம்பித்ததை அம்மா "சம்மதம்" என்று முடித்துவிட, அப்புறம் அப்பா நடையாய் நடந்து அதைக் கலைக்க வேண்டியிருந்தது.

அப்பா சாய்ந்ததைப் பார்த்தது அவள் ஒருத்திதான். அதை இன்னொருவர் வாயால் அம்மா கேட்கக் கூடாது.

வீட்டில் அம்மா அப்பாவின் சட்டைக்கு இஸ்திரி போட்டுக்கொண்டிருந்தாள்.

"சட்டைய வாங்கிட்டுப் போகத்தானே வந்த? கை மட்டும்தான் பாக்கி."

"அ... அப்பா..."

"வேற சட்டை கேட்டாராக்கும்."

"இல்லம்மா. அப்பா..."

"பசிக்குதுன்னாரா?"

"அம்மா, நீ மு... முடிக்காத. நான் சொல்லி மு... முடிக்கணும்."

அம்மா அப்போதுதான் அவள் முகத்தைப் பார்த்தாள். பிறகு ஜன்னல் வழியே பார்த்தாள். வெளியே கேட்டைப் பிடித்துக்கொண்டு தலை குனிந்து நின்றிருந்தார் சித்தப்பா. அம்மாவின் உதடு எதையோ சொல்லப் போய் அப்படியே நின்றது. இஸ்திரிப் பெட்டியை நிமிர்த்தி வைத்தாள். நாற்காலியை இழுத்துப் போட்டு மகளுக்கு நேர் எதிரே உட்கார்ந்து, அவளுடைய இரண்டு கைகளையும் பிடித்துக்கொண்டாள்.

"மெதுவா சொல்லு. எனக்கு ஒண்ணும் அவசரமில்ல."

"அப்... அப்..."

அம்மா எடுத்துக் கொடுக்கவில்லை. கண்ணைக்கூட இமைக்காமல் அவள் வாயையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

பொறுக்க முடியாமல் சித்தப்பா உள்ளே வந்து, "அண்ணி" என்றார்.

அம்மா திரும்பாமலே ஒரு கையை உயர்த்தி அவரை நிறுத்தினாள்.

"இருங்க. அவ இன்னும் சொல்லி முடிக்கல."