நாலாவது பட்டை

மேஜர் எதையும் மூன்று தடவை படிக்காமல் கையெழுத்துப் போடமாட்டார் என்பது சட்டமன்றத்தில் பிரசித்தம். ஓட்டல் பில்லைக்கூட மூன்று தடவை படிப்பார் என்று எதிர்க்கட்சிக்காரர்கள் கிண்டலடிப்பார்கள். கல்யாணப் பத்திரிகையில் இரண்டு திருத்தம் போட்டுத் திருப்பி அனுப்பியவர் என்று சொந்தக் கட்சிக்காரர்கள் சேர்த்துக்கொள்வார்கள். உண்மையில் அவர் மேஜரும் இல்லை. படையிலிருந்து கேப்டனாகத்தான் வெளியே வந்தார். அப்புறம் சட்டம் படித்து, பதினெட்டு வருடம் வக்கீலாக நின்று, மூன்று தேர்தல் ஜெயிப்பதற்குள் ஜனங்களாகப் பார்த்துக் கொடுத்த பதவி உயர்வு அது. வேண்டாம் என்று சொல்ல அவருக்கும் மனசு வரவில்லை.

செவ்வாய்க்கிழமை காலை பத்தரை மணிக்கு அவர் தன் அலுவலக அறையில் ஓர் அழைப்பிதழைப் படித்துக்கொண்டிருந்தார். பக்கத்து மாவட்டத்தில் ஒரு பள்ளிக்கூடத்துக்கு விளையாட்டுத் திடல். வெள்ளிக்கிழமை காலை ஒன்பது மணிக்கு டிராக்டர் விட்டு நிலத்தைச் சமன் செய்வார்கள், பிள்ளைகள் வரிசையாக நின்று மரக்கன்று நடுவார்கள். நிலச் சட்டத்தை எழுதியவர் என்பதால் அவர்தான் சிறப்பு விருந்தினர். கூடவே இரண்டு காகிதம் பின் குத்தி வந்திருந்தது. முதலாவது வரைபடம். இரண்டாவதைத் திருப்பியவர் கை அப்படியே நின்றுவிட்டது.

முப்பத்தொரு வருடத்துக்கு முந்திய சான்றிதழின் நகல். மேற்படி நிலத்தின் நான்கு பட்டைகளிலும் கண்ணிவெடிகள் அகற்றப்பட்டு, நான்கும் என்னால் நேரில் நடந்து சரிபார்க்கப்பட்டன. கீழே கையெழுத்து. வாலை நீளமாக இழுத்துவிட்ட, இருபத்தாறு வயதுக் கையெழுத்து. அவருடையதேதான்.

எழுந்து போய்க் கதவைச் சாத்தினார். சாத்திவிட்டு எதற்காகச் சாத்தினோம் என்று தெரியாமல் நின்றார்.

போர் சமயத்தில் சொந்தப் படையே எல்லையோரம் புதைத்த வெடிகள் அவை. போர் முடிந்ததும் எடுக்கும் வேலை இவருடைய குழுவுக்கு வந்தது. நிலத்தை நாலு பட்டையாகப் பிரித்து, வெள்ளை நாடா கட்டி, உலோகம் கண்டுபிடிக்கும் கருவியை ஓட்டி, கம்பியால் குத்திக் குத்தி எடுப்பார்கள். எடுத்து முடித்ததும் அதிகாரி செய்யவேண்டிய காரியம் ஒன்று உண்டு. நிலத்துக்காரர்கள் பார்க்க, ஒவ்வொரு பட்டையிலும் இந்தக் கோடியிலிருந்து அந்தக் கோடிவரை தன் காலால் நடந்து காட்டவேண்டும். அப்புறம்தான் கையெழுத்து. மூன்று பட்டையில் நடந்தார். மூன்றாவதில் நடப்பதற்கு முந்தின நாள் அங்கேயே அவருடைய ஆள் ஒருவனுக்குப் பாதம் போயிருந்தது. நாலாவது பட்டை வேலை நடக்கும்போது மழை பிடித்துக்கொண்டது. ஈர மண்ணில் கருவி கண்ட இடத்திலெல்லாம் கத்தியது. பாதிதான் குத்திப் பார்த்தார்கள். சாயங்காலம் வேறு இடத்துக்குப் போகச் சொல்லி உத்தரவு வந்து, லாரி புறப்பட்டு நின்றது. நடக்கவேண்டிய இடத்தில் நடக்காமல் லாரியில் ஏறி, மடியில் அட்டையை வைத்துக் கையெழுத்துப் போட்டார்.

மழை என்று லாரியிலிருந்த தன் ஆட்களிடம் சொன்னார். பயந்துபோய்விட்டேன் என்று யாரிடமும் சொன்னதில்லை.

அடுத்த வருடமே படையை விட்டார். சட்டப் படிப்பு, கோர்ட்டு, கட்சி, தேர்தல் என்று வாழ்க்கை ஓடியது. அந்தப் பக்கம் போகிற சாலையை மட்டும் முப்பத்தொரு வருடமாகத் தவிர்த்துச் சுற்றிப் போனார். ஒரு வெடிகூட வெடித்ததாகச் சேதி இல்லை. போகப் போக, பட்டை சுத்தமாகத்தான் இருந்திருக்கும் என்று தனக்குத்தானே தீர்ப்பும் எழுதிக்கொண்டார். மூன்று வருடத்துக்கு முன், ராணுவம் ஒரு காலத்தில் பயன்படுத்திய, இப்போது சும்மா கிடக்கும் நிலங்களைப் பொதுக் காரியத்துக்கு எடுக்கும் சட்டத்தை அவர்தான் வரைந்தார். வழக்குப் போட்டே நிலத்தை அமுக்குகிற கூட்டத்துக்குப் பயந்து, ஏழாவது பிரிவில் ஒரு பூட்டுப் போட்டார். படையினர் கொடுத்த சான்றிதழை யாரும், எங்கேயும் கேள்வி கேட்கக்கூடாது. எழுதும்போது அந்தப் பழைய கையெழுத்து ஞாபகத்துக்கு வரவில்லையா? வந்தது. வந்ததால்தான் பூட்டு இன்னும் கொஞ்சம் கெட்டியாக விழுந்தது.

மாவட்ட அதிகாரிக்குப் போன் போட்டார். அந்த அம்மா பணிவான, கறாரான பேர்வழி.

"மேடம், அந்தத் திடல் விஷயம். எதுக்கும் ஒரு தடவை ஆர்மியைக் கூப்பிட்டு நிலத்தைப் பார்த்துடலாமே. சின்னப் பிள்ளைங்க வர்ற இடம்."

"சான்றிதழ் இருக்கே சார். அதுவும் உங்க கையெழுத்தாமே, எல்லாருக்கும் பெருமை."

"அது பழசு."

"ஏழாவது பிரிவு சார். நீங்க எழுதினதுதானே? நானே கேள்வி கேட்டா என்மேலதான் நடவடிக்கை வரும்." சிரித்தாள். "யாருக்காவது சந்தேகம் இருந்தா, யார் சொல்றாங்க, எப்படித் தெரியும்னு எழுத்துல வேணும். இல்லைன்னா நான் எதையும் நிறுத்த முடியாது."

பார்க்கலாம் என்று மென்று விழுங்கிப் போனை வைத்தார். சொந்தச் செலவில் வைத்துக்கொண்ட சூனியம் என்பது இதுதான். அன்று மத்தியானம் கட்சித் தலைவர் வேறு கூப்பிட்டு, திங்கட்கிழமை புது மந்திரி சபை, சட்டத்துறை உனக்குத்தான் என்று சொன்னார். ஒன்பது வருடமாக வாயைப் பிளந்துகொண்டு காத்திருந்த பதவி. சந்தோஷம் வருவதாக இல்லை. வரவேண்டிய இடத்தில் ஒரு டிராக்டர் உறுமிக்கொண்டிருந்தது.

வீட்டில் அவர் மனைவி பல் டாக்டர். ஜனங்கள் வாயைத் திறப்பதற்கு முன்பே எங்கே வலி என்று கண்டுபிடிக்கிற கண். வியாழக்கிழமை காலை, தட்டில் வைத்தது வைத்தபடி இருப்பதைப் பார்த்தாள்.

"என்னங்க, மந்திரியாகப் போறவர் மூஞ்சியா இது?"

"ஒண்ணுமில்லை. ஒருத்தன் இருக்கான்னு வெச்சுக்க. ரொம்ப வருஷம் முன்னாடி ஒரு இடத்தைப் பார்க்காமலே பார்த்தேன்னு கையெழுத்துப் போட்டுட்டான்…"

"அந்த ஒருத்தன் நீங்கதானே?"

இப்படிக் கேட்டால் எந்த வக்கீல் என்ன செய்வான்? சொல்லிவிட்டார். அவள் நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தாள். கோபப்படுவாள் என்று எதிர்பார்த்தார். அவள் முகம் வெளுத்துப்போனதைப் பார்த்ததும் அவருக்கு இன்னும் பயமாகிவிட்டது.

"எத்தனை பிள்ளைங்க வருதுங்க?"

"நூத்தி இருபது."

"அப்புறம் என்ன யோசனை உங்களுக்கு?"

யோசனை இருந்தது. வெட்கக்கேடான யோசனை. எல்லோருக்கும் முன்னால் விடிந்ததும் போய், ஆள் இல்லாத நேரத்தில் நாலாவது பட்டையில் தானே நடந்துவிடுவது. நடந்து முடித்தால் சான்றிதழ் முப்பத்தொரு வருடம் லேட்டாக உண்மையாகிவிடும். முடிக்காவிட்டால் பிள்ளைகள் பிழைத்துக்கொள்ளும். பட்டை அறுபது அடி அகலம், ஒருவன் காலடி எத்தனை அங்குலம் என்ற கணக்கு வெடி எடுத்தவனுக்குத் தெரியாதா? தெரியும். அதை நினைக்காமல் இருக்கத்தான் அவ்வளவு வேகமாகக் காரை ஓட்டினார்.

வெள்ளிக்கிழமை ஏழு மணிக்கெல்லாம் அங்கே நின்றார். இடதுபக்கம் மூன்று பட்டையிலும் காய்கறித் தோட்டம், கம்பி வலை போட்ட கோழிப்பண்ணை, சைக்கிள் போகிற பாதை. வலதுபக்கம் நாலாவது. அங்கே முள்ளும் புதரும் ஆள் உயரம் மண்டியிருந்தது. நடுவில் ஒரு ஒற்றையடித் தடம்கூட இல்லை. முப்பத்தொரு வருடமாக யாருமே அதில் கால் வைக்கவில்லை. வலது காலைத் தூக்கினார். கால் திரும்பவும் பழைய இடத்திலேயே இறங்கியது. தூக்குவதும் இறக்குவதுமாக ஒன்றரை மணி நேரம் போய்விட்டது. சட்டை நனைந்து முதுகில் ஒட்டிக்கொண்டது. ஐம்பத்தேழு வயதில், வெட்டவெளியில், பட்டப்பகலில், வாய்விட்டு அழத் தோன்றியது.

"நீங்க அந்த ஆர்மிக்கார சார்தானே?"

பண்ணைக்காரம்மா. தீவன வாளியோடு வலைக்குப் பக்கத்தில் நின்றாள். ஐம்பது வயசு இருக்கும்.

"எப்படிம்மா தெரியும்?"

"நிக்கிற நிலையைப் பார்த்தா தெரியாதா? அன்னைக்கு ஊரே வேலி ஓரமா நின்னு உங்க காலைத்தானே பார்த்துச்சு. நான் அப்பத்தான் கல்யாணம் ஆகி வந்த புதுசு. ஒண்ணாவதுல போனீங்க, வந்தீங்க. ரெண்டாவதுல போனீங்க, வந்தீங்க. மூணாவதும் ஆச்சு. நாலாவதுல இறங்கலை. லாரில ஏறிட்டீங்க. அப்புறம் சீட்டு வந்துச்சு, நாலும் சுத்தம்னு."

அவர் குனிந்து தன் காலைப் பார்த்தார்.

"என் வீட்டுக்காரர் சொன்னாரு, சீட்டு என்ன வேணா சொல்லட்டும், அந்தப் பையன் கால் வெக்கலை, நாமளும் வெக்க வேணாம்னு. அன்னையிலேருந்து ஒரு கோழியைக்கூட இந்தப் பக்கம் விட்டதில்லை. அதான் சும்மா கிடக்கு. சும்மா கிடக்குன்னுதான் இப்ப திடலுக்கு எடுத்துக்கிட்டாங்க."

வரைபடத்தில் காலி இடம் என்று பச்சை அடித்திருந்தது அவருக்கு நினைவு வந்தது. அந்தக் காலி இடத்தை உண்டாக்கியதே அவர்தான்.

"சொல்லிப் பார்த்தோம் சார். சான்றிதழ் இருக்கு, கேள்வி கேட்கக்கூடாதுன்னு சட்டமும் இருக்குன்னு வாயை அடைச்சுட்டாங்க." வாளியைக் கீழே வைத்தாள். "அதனால உங்களைக் கேக்கறேன். நடுவுல எப்பவாவது வந்து நடந்துட்டீங்களா? நடந்திருந்தா சொல்லிடுங்க. நாங்களும் நிம்மதியா இருப்போம்."

கூண்டில் நின்றவர்களைப் பதினெட்டு வருடம் அவர் விரட்டிய கேள்வி இதுதான்: ஆமாவா, இல்லையா, அதை மட்டும் சொல். சாலையில் இரண்டு பஸ் வந்து நின்றது. பிள்ளைகள் தொப்பென்று குதித்துக் குதித்து இறங்கின. டிராக்டர்காரர் சாலையோரம் டீயைக் கீழே வைத்துவிட்டு டிராக்டர் சீட்டில் ஏறினார்.

"இல்லம்மா," என்றார். "நடக்கலை."

அதற்கப்புறம் அவர் ஓடியதை அங்கே இருந்தவர்கள் ரொம்ப நாள் சொல்லிக்கொண்டிருந்தார்கள். டிராக்டர் மூக்குக்கு எதிரே இரண்டு கையையும் விரித்துக்கொண்டு நின்றார். டிராக்டர்காரர் பிரேக்கை மிதித்துவிட்டு வாய்க்கு வந்தபடி திட்டினார். விழாவில் மாலை வாங்க இருந்த ஆள் இவர்தான் என்று அவருக்கு எப்படித் தெரியும்! மாவட்ட அதிகாரி வேர்க்க விறுவிறுக்க வந்தாள்.

"சார், என்ன சார் இது?"

"பிள்ளைங்களை பஸ்ல ஏத்துங்க. யாரும் ரோட்டை விட்டு இறங்கக்கூடாது. யார் சொல்றாங்கன்னு எழுத்துல வேணும்னீங்களே, நான் சொல்றேன். இந்தச் சான்றிதழ் பொய். நான் நாலாவது பட்டையில நடக்கலை. பயந்துட்டு ஓடிட்டேன்."

"ஏழாவது பிரிவு…"

"கேள்வி கேட்கத்தான் மேடம் தடை. போட்டவனே பொய்னு ஒத்துக்கறதுக்குத் தடை இல்லை." அப்படியொரு கிறுக்கன் வருவான் என்று எழுதும்போது அவருக்குத் தோன்றியிருக்கவில்லை.

டிராக்டர் பானெட்டின் மேல் காகிதத்தை வைத்து எழுதினார். அவசரத்தில் எழுத்து கோணல்மாணலாகப் போயிற்று. எழுதி முடித்து, ஒரு தடவைகூடப் படிக்காமல் கையெழுத்துப் போட்டார்.

திங்கட்கிழமை மந்திரி சபையில் அவர் இல்லை. அடுத்த வாரம் உறுப்பினர் பதவியையும் எழுதிக் கொடுத்தார். பொய்ச் சான்றிதழுக்கு வழக்கு, வக்கீல் சங்கத்திலிருந்து நோட்டீஸ் என்று வரிசையாக வந்தன. ஒவ்வொரு உறையையும் மனைவிதான் பிரித்தாள். அவரிடம் சாப்பிடச் சொன்னாளே தவிர, ஆறுதலாக ஒன்றும் சொல்லவில்லை.

படையினர் வந்து ஒன்பது நாள் வேலை செய்தார்கள். இரண்டு கிடைத்தது. ஷூ பாலிஷ் டப்பா அளவுதான் இருக்கும் ஒவ்வொன்றும். ஒன்று, மரக்கன்றுக்குக் குழி தோண்டச் சுண்ணாம்பு போட்டிருந்த இடத்திலிருந்து பதினோரு அடி.

கடைசி நாள் அவரும் போனார். யாரும் கூப்பிடவில்லை. மனைவி காரிலேயே உட்கார்ந்துகொண்டாள். இளம் அதிகாரி ஒருவன் முழுப் பட்டையிலும் விறைப்பாக நடந்துவிட்டு வந்து கையெழுத்துப் போட்டான். ஊர்க்காரர்கள் பட்டையைச் சுற்றிக் கட்டியிருந்த கயிற்றுக்கு இந்தப் பக்கம் கையைக் கட்டிக்கொண்டு நின்றார்கள். ஒருத்தரும் அசையவில்லை. பண்ணைக்காரம்மா திரும்பி அவரைப் பார்த்தாள்.

"உங்க பாக்கி ஒண்ணு இருக்கே சார்," என்றாள்.

கயிற்றைத் தூக்கிக்கொண்டு குனிந்து உள்ளே போனார். மண் புதிதாகக் கொத்தி மெத்தென்று கிடந்தது. மெத்தென்று கிடப்பதே அவருக்குப் பயமாக இருந்தது. சுத்தம் என்று தெரியும், காகிதம் இருக்கிறது, அந்தப் பையன் இப்போதுதான் நடந்தான். காகிதத்தின் லட்சணம் அவரைவிட யாருக்குத் தெரியும்? அன்றைக்கு நடக்கவேண்டியதை எண்ணி எண்ணி நடந்தார். நூற்று நாற்பத்தாறாவது அடியில் அந்தக் கோடி வந்தது. முள்வேலிக் கம்பத்தைப் பிடித்துக்கொண்டு மூச்சு விட்டார். ஒன்றும் ஆகவில்லை. முடிந்தது.

திரும்பிப் பார்த்தார். பண்ணைக்காரம்மா கயிற்றைத் தாண்டி உள்ளே வந்துவிட்டாள். தரையைப் பார்க்கவே இல்லை. அவர் காலடி பதிந்த இடத்தில்கூட மிதிக்காமல், பக்கத்தில், தன்பாட்டுக்கு வீசி நடந்து வந்தாள். அவளுக்குப் பின்னால் ஒவ்வொருவராகக் குனிந்து உள்ளே வந்துகொண்டிருந்தார்கள்.

அவரை நம்பி அவர்கள் கால் வைப்பதைப் பார்த்தபோது வந்த பயத்துக்கு முன்னால், அத்தனை வருடத்தில் அவர் பட்டதெல்லாம் ஒன்றுமே இல்லை என்றாகிவிட்டது. கம்பத்தை விடாமல் பிடித்துக்கொண்டு, கண்ணைக்கூடச் சிமிட்டாமல், அவர்கள் ஒவ்வொருவர் காலையும் பார்த்துக்கொண்டே நின்றார்.