மூன்று நாட்டு மீன்

பெனினா அகெயோவுக்கு மீன் தெரியும், கூட்டம் தெரியாது. நியாகோரி எல்லைச் சந்தையில் பதினெட்டு வருடமாகக் கருவாடு விற்கிறவள். ஏரியில் பிடிக்கும் சுண்டுவிரல் நீள வெள்ளி மீன்தான் அவள் சரக்கு. வெயிலில் காய்ந்தால் மொறமொறவென்று வரும். கென்யாவில் அதற்கு ஒமேனா என்று பெயர். எல்லைக்கு அந்தப் பக்கம் தான்சானியாவில் அதுவே டகா. வடகரை உகாண்டாக்காரர்கள் முகேனே என்பார்கள். மீன் மட்டும் மூன்று நாட்டுத் தண்ணீரிலும் ஒரே மாதிரிதான் நீந்திக்கொண்டிருந்தது.

மூன்று நாடுகளும் சேர்ந்து இந்த மீனுக்கு ஒரே தர விதி எழுதுவது என்று முடிவாயிற்று. விதி வந்துவிட்டால் எந்த எல்லையிலும் யாரும் மூட்டையை நிறுத்த முடியாதாம். தான்சானியாவில் அரூஷா நகரத்துப் பெரிய ஓட்டலில் மூன்று நாள் கூட்டம். சிறு வியாபாரிகள் சார்பாக ஒரு பெண் இருந்தால் நன்றாயிருக்கும் என்று மேலே யாருக்கோ தோன்ற, நியாகோரி பெண் வியாபாரிகள் சங்கத்துக்குக் கடிதம் வந்தது. சங்கத்தில் ஆங்கிலம் வாசிக்கத் தெரிந்தவர்கள் நான்கு பேர். அவர்களில் மூன்று பேருக்கு அந்த வாரம் சொந்தத்தில் சாவு. மிச்சம் அகெயோ.

அவளுக்குக் கையை வீசிக்கொண்டு போக மனம் வரவில்லை. மீனைப் பற்றிப் பேசப் போகிறவர்கள் மீனைப் பார்க்க வேண்டாமா? நல்ல சரக்காகப் பொறுக்கி இரண்டு கிலோ துணிப்பையில் கட்டிக்கொண்டு, கோயிலுக்குப் போடும் பச்சை உடையில் கிளம்பினாள்.

நியாகோரியில் இரண்டு நாட்டு அதிகாரிகளும் இப்போது ஒரே கட்டடத்தில் உட்காருகிறார்கள். முன்பு இரண்டு கட்டடத்தில் இரண்டு வரிசை. இப்போது ஒரே கூரைக்குக் கீழே இரண்டு வரிசை. மழையில் நனையாமல் நிற்கலாம், அந்த அளவுக்கு முன்னேற்றம்தான். தான்சானியா ஜன்னலில் மார்வா என்ற அதிகாரி இருந்தான். வாரத்துக்கு இரண்டு முறை அவளைப் பார்க்கிறவன். பையைத் திறக்கச் சொன்னான்.

"இது என்னம்மா?"

"பாத்தா தெரியலையா தம்பி? டகா." அந்தப் பக்கத்து ஜன்னல் என்பதால் அந்தப் பக்கத்துப் பெயரையே சொன்னாள்.

"கென்யா மீனா? அப்ப எந்த நாட்டுச் சரக்குன்னு சான்று வேணுமே."

"கென்யா மீன் இல்லப்பா. உங்க முசோமாவுல வாங்கினதுதான். போன செவ்வாக்கிழம."

மார்வா பேனாவைக் கீழே வைத்தான். "அப்படின்னா இங்கேருந்து வெளிய போனப்ப முத்திர போட்ட தாள் இருக்குமே. அதக் காட்டுங்க."

அந்த மீன் வெளியே போனது எலிப்பாதை வழியாக. கட்டடத்துக்குப் பின்னால் சோளக்கொல்லைகளுக்கு நடுவே மோட்டார் பைக்குகள் மூட்டை ஏற்றிப் போகும் தடத்துக்கு ஊரில் அதுதான் பெயர். மார்வாவுக்கும் அது தெரியும். போன செவ்வாய்க்கிழமை மூட்டை போனது அவனுடைய மச்சான் பைக்கில்.

அவள் கடிதத்தை எடுத்து நீட்டினாள். இந்த மீன் தடையில்லாமல் எல்லை தாண்டுவதற்கான விதியை எழுதத்தான் போகிறேன் என்று விளக்கினாள். மார்வா கடிதத்தை ஒரு வரி விடாமல் வாசித்தான். மரியாதையாகத்தான் மடித்துக் கொடுத்தான்.

"நல்ல காரியம்மா. விதிய எழுதிட்டு வாங்க, அப்புறம் மீன விட்டுர்றேன். இப்ப நீங்க போகலாம். மீன் போக முடியாது."

கூட்ட அரங்கில் குளிர் எலும்பைத் தொட்டது. முப்பது பேர், கழுத்தில் ஆளுக்கொரு அட்டை. யாரும் மீன் கொண்டுவந்திருக்கவில்லை. திரையில் ஒரு மீனின் படம் தெரிந்தது. அது வேறு ஏதோ மீன் என்று அகெயோவுக்குப் பட்டது. முதல் நாளே வாயைத் திறப்பானேன் என்று இருந்துவிட்டாள்.

தலைவர் கட்டுமுவா என்ற உகாண்டாக்காரர். தங்கமான மனிதர், யார் பேசினாலும் தலையாட்டினார். முதல் பிரிவு, மீனின் பெயர். அன்று முழுக்க அதிலேயே போயிற்று. அதிகம் பிடிப்பது நாங்கள் என்றது தான்சானியா தரப்பு. அதிகம் தின்பது நாங்கள் என்றது கென்யா தரப்பு. ஏரித் தண்ணீர் நைல் நதியாக வெளியே போவது எங்கள் மண்ணில் என்றது உகாண்டா தரப்பு. அதற்கும் மீனின் பெயருக்கும் என்ன சம்பந்தம் என்று ஒருவரும் கேட்கவில்லை.

இரண்டாம் நாள் காலையில் அகெயோ கை தூக்கி, மூன்று பெயரையும் எழுதிவிட்டால் என்ன என்றாள். அரங்கமே பாராட்டியது. எதை முதலில் எழுதுவது என்று அடுத்த சண்டை ஆரம்பித்தது. ஆங்கில அகரவரிசைப்படி ஒமேனா கடைசியில் வர, கென்யா தரப்பு எழுந்து வெளியே போய், காபி குடித்துவிட்டுத் திரும்பி வந்தது. முடிவில் லத்தீன் பெயரை எழுதினார்கள். அது மூன்று தரப்பிலும் யார் வாயிலும் நுழையவில்லை. ஆகவே யாருக்கும் மனக்குறையில்லை.

மதியச் சாப்பாட்டில் ஏதோ வடகடல் மீனை வெள்ளைத் துண்டுகளாக்கி, மேலே மஞ்சள் குழம்பு ஊற்றி வைத்திருந்தார்கள். டகா இல்லையா என்று பரிமாறுகிறவனிடம் கேட்டாள். வேலைக்காரர்கள் சாப்பாட்டில் இருக்கிறது என்று அவன் குரலைத் தாழ்த்திச் சொன்னான். அன்றும் மறுநாளும் அவள் சமையல்கட்டுக்குப் பின்னால் பாத்திரம் கழுவும் பெண்களோடு உட்கார்ந்து, உகாலி என்ற சோளமாவுக் களியைப் பிட்டு, டகாவைத் தொட்டுக்கொண்டு சாப்பிட்டாள். அந்த ஓட்டலில் மீனைப் பற்றி உருப்படியாக நடந்த பேச்சு அதுதான்.

மூன்றாம் நாள் ஈரப்பதம். மீன் காய்ந்துவிட்டது என்று உங்களுக்கு எப்படித் தெரியும் என்று கட்டுமுவா அவளைக் கேட்டார்.

"ஒரு பிடி அள்ளிக் குலுக்குவேன் ஐயா. சலசலன்னு சத்தம் வந்தா காஞ்சாச்சு. வரலன்னா இன்னும் ரெண்டு மணி நேரம் வெயில்ல போடணும்."

அவர் மனதார ரசித்தார். 'ஒலி சார்ந்த மரபு முறை பின்னர் ஆராயப்படும்' என்று குறிப்பில் ஏறியது. அதற்குக் கீழே, ஈரம் பன்னிரண்டு சதவீதத்துக்கு மேல் கூடாது, அங்கீகாரம் பெற்ற ஆய்வகம் சான்று தர வேண்டும் என்று விதி ஏறியது. எல்லோரும் கைதட்டினார்கள், அகெயோவும் தட்டினாள். போட்டோவில் அவளை முன்வரிசை நடுவில் நிற்க வைத்தார்கள்.

ஒன்றரை வருடம் கழித்து விதி அமலுக்கு வந்தது. பக்கத்து ஆய்வகம் ஒரு பகல் பஸ் தூரம். முடிவு வர ஒன்பது நாள். சான்று செல்லுபடியாவது மீனைக் கொடுத்த நாளிலிருந்து ஏழு நாள். எலிப்பாதைக்கும் போலீஸ் காவல் வந்துவிட்டது. முதல் வாரமே, முசோமாவில் வாங்கி வந்த அவளுடைய ஆறு மூட்டைகளை மார்வா நிறுத்தினான்.

"நீங்க உக்காந்து எழுதின விதிதானேம்மா," என்றான். கிண்டல் இல்லை, தெரிந்தவர் என்ற பெருமையில்தான் சொன்னான்.

அதுதான் அவளைச் சுட்டது. விதியின் நகலை வாங்கி, கட்டடத்து பெஞ்சிலேயே உட்கார்ந்து முப்பத்தொரு பக்கத்தையும் வாசித்தாள். இருபத்தேழாம் பக்கத்தில் பொடி எழுத்தில் ஒரு வரி இருந்தது: மனிதர் உண்பதற்கல்லாத, தீவனத்துக்கான சரக்குக்கு இவ்விதி பொருந்தாது. அதை இரண்டு முறை வாசித்தாள். வெளியே போய் ஒரு கரித்துண்டு தேடி எடுத்து, ஆறு மூட்டையிலும் 'கோழித் தீவனம்' என்று எழுதினாள்.

மார்வா ஒரு மூட்டையைப் பிரித்து ஒரு மீனை எடுத்து வாயில் போட்டான். நிதானமாக மென்றான்.

"தீவனம் நல்லாருக்கு," என்று சொல்லி முத்திரை குத்தினான்.

ஆறு மாதத்தில் சங்கத்துப் பெண்கள் அத்தனை பேரும் கோழித் தீவன வியாபாரிகள் ஆகிவிட்டார்கள். கணக்குப் பார்த்தவர்களுக்குத் தலை சுற்றியது. நஞ்சாலா என்ற புள்ளிவிவரத் துறைப் பெண் படிவக் கட்டோடு வந்து இறங்கினாள். மாதம் நாற்பது டன் தீவனம் தின்னும் கோழிகள் எங்கே என்று சந்தையில் ஒவ்வொரு கடையாகக் கேட்டாள். எல்லோரும் அகெயோவைக் கை காட்டிவிட்டார்கள். அகெயோ தக்காளி போட்டு வதக்கிய ஒமேனாவும் உகாலியும் தட்டில் வைத்து நீட்டினாள்.

"மொதல்ல சாப்புடும்மா. பசியோட கணக்கு எழுதாத."

நஞ்சாலா பாதித் தட்டைக் காலி செய்தபோது நிமிர்ந்து மூட்டைகளைப் பார்த்தாள். பிறகு தட்டைப் பார்த்தாள்.

"கோழி நாமதானா அக்கா?"

"ஆமாம்மா."

"இதுக்கு என் படிவத்துல கட்டமே இல்லையே."

கோழிகள் வீட்டுக் கொல்லைகளில் பரவலாக வளர்க்கப்படுகின்றன என்று எழுதினாள். மிச்சச் சாப்பாட்டையும் முடித்துவிட்டுத்தான் போனாள்.

அறிக்கை மேலே போயிற்று. நியாகோரி கோழி வளர்ப்பில் மூன்று நாட்டுக்கும் முன்மாதிரி என்று பேச்சு எழுந்து, சங்கத்து உறுப்பினர் ஒவ்வொருவருக்கும் இருபது குஞ்சுகள் இலவசமாக வந்தன. அகெயோ முதலில் வாய்விட்டுச் சிரித்தாள். அப்புறம் கூண்டு கட்டி, அவற்றைக் கொல்லையில் விட்டாள். அவள் வளர்த்த முதல் கோழிகள் அவை. காலையில் கதவைத் திறந்தால் காலைச் சுற்றிக்கொண்டு கத்தின. அவளுக்கு அது பிடித்துப்போயிற்று.

தீவனத்துக்கு அரவை மில்லில் தவிடு வாங்கிப் போட்டாள். மீன் விற்கிற விலைக்கு அதைக் கோழிக்குப் போட்டால் எங்கே கட்டுப்படியாகும்?