பாட்டிலோடு நாற்பது பெட்டி

லாரி வர இன்னும் நாற்பத்தொரு மணி நேரம் இருந்தது. நசோலோவின் டிப்போவில் நூற்றிருபது காலிப் பாட்டில் பெட்டிகள் இருந்தன. வேண்டியது நூற்றறுபது.

மித்யானா ஊரில் குளிர்பான மொத்த வியாபாரம் அவளுடையது. லாரிக்காரர் காலிப் பெட்டிகளை எண்ணி ஏற்றிக்கொண்ட பிறகுதான் நிறைந்த பெட்டிகளை இறக்குவார். நூற்றறுபதுக்குக் குறைந்தால் அடுத்த வாரத்திலிருந்து லாரி அவள் வாசலில் நிற்காது, நேராக அடுத்த ஊரான முபெண்டேவுக்குப் போய்விடும். போன மாதமே ஒரு டிப்போவுக்கு அப்படி ஆனது.

மிச்ச நாற்பது எங்கே என்று அவளுக்கு நன்றாகத் தெரியும். அரை மைல் தள்ளி, அண்ணன் லுபேகாவின் முற்றத்தில், கழுவித் துடைத்து, எட்டெட்டாக ஐந்து அடுக்கு. அந்த நாற்பதும் அவளுடையவை. இது அவளையும் அண்ணனுக்கு மாப்பிள்ளையாகப் போகும் கதேரெக்காவையும் தவிர யாருக்கும் தெரியாது.

நாலே மாதத்தில் காலிப் பாட்டிலுக்கு வாழ்வு வந்துவிட்டது. பாக்கெட் சாராயத்தைத் தடை செய்ததும் சாராயக்காரர்கள் எல்லோரும் கண்ணாடிக்குத் தாவினார்கள். பாட்டில் தொழிற்சாலையில் ஓர் உலையை அணைத்துச் செப்பனிட்டுக்கொண்டிருந்தார்கள். மொம்பாசா துறைமுகம் வழியாக வரும் பாட்டிலுக்கு டாலரில் விலை. இருபத்துநாலு பாட்டிலோடு ஒரு காலிப் பெட்டி பதினைந்தாயிரம் ஷில்லிங்கிலிருந்து இருபத்தெட்டாயிரத்துக்கு ஏறியது. உள்ளே இருக்கும் கலர் பானத்தைவிட வெளியே இருக்கும் கண்ணாடிக்குத்தான் மதிப்பு. பெட்டிக்கடைப் பெண்கள் பாட்டிலோடு யாரையும் பத்தடி நடக்க விடுவதில்லை. பாலித்தீன் பையில் ஊற்றி, குழலைச் செருகிக் கையில் கொடுத்துவிடுகிறார்கள்.

இந்த நேரம் பார்த்துத்தான் லுபேகாவின் மகள் நப்வாமியைக் கதேரெக்கா கேட்டு வந்தான். பள்ளிக்கூடத்தில் வேதியியல் சொல்லிக் கொடுப்பவன். அங்கே மாப்பிள்ளைதான் பெண் வீட்டுக்குச் சீர் கொண்டுபோக வேண்டும். நிச்சயத்துக்கு முந்தின வாரம் டிப்போவுக்கு வந்து, தொப்பியைக் கையில் பிடித்துக்கொண்டு நின்றான்.

"பசு வாங்கிட்டேன் அத்தை. துணி வாங்கிட்டேன். கலருக்கும் காசு இருக்கு. பாட்டிலுக்கு டெபாசிட் கட்டத்தான் வழியில்லை."

"கலருக்கு மட்டும் குடு. பாட்டில் பத்திரமா திரும்பி வரணும். யார்கிட்டயும் மூச்சு விடக் கூடாது, தெரிஞ்சுதா?"

மூச்சு விட்டால் மானம் போய்விடும். நிச்சயத்தன்று மாப்பிள்ளை வீட்டாரைப் பிழிந்தெடுக்க வேண்டியவளே பெண்ணின் அத்தைதான். அவளே பின்வாசல் வழியாகச் சீர் கொடுத்தாள் என்று தெரிந்தால் ஊர் ஒரு வருஷம் சிரிக்கும்.

சனிக்கிழமை தன் வேலையை அவள் குறைவில்லாமல் செய்தாள். கொஞ்சம் அதிகமாகவே செய்துவிட்டாள். பெட்டிகள் கூடாரத்துக்குள் வந்ததும் எழுந்து, "வெறும் நாற்பதா? எங்க ஆளுங்களுக்குத் தொண்டை நனையுமா?" என்றாள். எல்லோரும் சிரித்தார்கள். மாப்பிள்ளை வீட்டார் கூலிக்கு அமர்த்தியிருந்த பேச்சாளருக்கு ரோஷம் வந்துவிட்டது.

"வெறும் நாற்பது இல்லம்மா!" என்று அவர் கையை உயர்த்தினார். "பாட்டிலோடு நாற்பது!"

பாட்டிலும் பெண் வீட்டுக்கே என்றால் சும்மாவா? கூடாரம் அதிரக் கைதட்டினார்கள். பாயில் உட்கார்ந்திருந்த கதேரெக்கா அவளைப் பார்த்தான். அவள் கூரையைப் பார்த்தாள். இருநூறு பேருக்கு முன்னால் சொன்ன சொல்லை யார் திரும்பப் பெறுவது?

புதன்கிழமை மூன்று மணிக்கு அவள் டிப்போவைப் பூட்டிவிட்டு அண்ணன் வீட்டுக்கு நடந்தாள். லுபேகா முன்பக்கச் சுவரை அளவுநாடாவால் அளந்துகொண்டிருந்தார். அண்ணி முற்றத்தில் உட்கார்ந்து மத்தோக்கே சமைக்க வாழைக்காய் உரித்துக்கொண்டிருந்தாள்.

"வா தங்கச்சி. இங்க ஒரு கதவு வெக்கப் போறேன். கலர் கடை. உன்கிட்டதான் சரக்கு எடுப்பேன், பயப்படாதே."

"கடைக்கு என்ன திடீர்னு?"

"பெட்டி வந்திருக்கே! பாட்டில் இல்லாதவனுக்கு நீ சரக்கு தருவியா?"

"மாட்டேன்."

"அதான். இப்ப எனக்குத் தருவே."

அவள் அடுக்குகளைப் பார்த்தாள். ஒவ்வொரு பாட்டிலையும் கழுத்து வரை தேய்த்திருந்தார்கள். தன் டிப்போவில்கூட இவ்வளவு பளபளப்பு கிடையாது.

"அண்ணே, வெள்ளிக்கிழமை லாரி வருது. எனக்கு நாற்பது குறையுது. இதை எனக்குக் குடுத்துடு."

"தாராளமா. வெளியாளுக்கு இருபத்தெட்டு. உனக்கு இருபத்தேழு."

"இருபத்தஞ்சுன்னு சொல்லுங்க," என்றாள் அண்ணி. "பாவம், நாத்தனார் மூஞ்சி வாடிப்போச்சு."

தன் பாட்டிலையே காசு கொடுத்து வாங்குவதா? வாங்கத் துணிந்தாலும் கையில் இருந்தது வெள்ளிக்கிழமைச் சரக்குக்கான பணம் மட்டும்தான். நசோலோவுக்கு அழுகையும் சிரிப்பும் சேர்ந்து வந்தன. அண்ணனுடைய முகத்தில் அவ்வளவு சந்தோஷம். மகளை நல்லபடியாகக் கொடுத்தாயிற்று, கடையும் வரப்போகிறது. அதைக் கெடுக்கவும் மனம் வரவில்லை.

வெளியே மோட்டார் சைக்கிள் வந்து நின்றது. மாப்பிள்ளை என்று தெரிந்ததும் அண்ணி காய்க்கூடையைத் தூக்கிக்கொண்டு சமையல்கட்டுச் சுவருக்குப் பின்னால் ஓடினாள். ஊர் வழக்கப்படி மாமியாரும் மருமகனும் முகம் பார்க்கக் கூடாது. குரலுக்கு அந்தத் தடை இல்லை.

கதேரெக்கா பள்ளிக்கூடத்திலிருந்து நேராக வந்திருந்தான். கைகளில் சுண்ணாம்பு. நசோலோவை அங்கே பார்த்ததும் ஒரு நொடி தடுமாறினான்.

"மாமா, ஒரு விஷயம் சொல்லணும். அந்தப் பெட்டிங்க என்னோடது இல்லை. இரவல் வாங்கினது."

லுபேகாவின் அளவுநாடா சுருண்டு தன் கூட்டுக்குள் போனது.

"இரவலா? பாட்டிலோடன்னு உங்க ஆளு கத்தினாரே!"

"ஆவேசத்துல சொல்லிட்டாரு மாமா."

"பசுவும் இரவல்தானா?"

"இல்லை மாமா. பசு என்னோடது."

"துணியைக் கேளுங்க," என்றது சுவருக்குப் பின்னாலிருந்து ஒரு குரல். "நான் தைக்கக் குடுத்தாச்சு."

"துணியும் என்னோடதுதான்," என்றான் கதேரெக்கா சுவரைப் பார்த்து, மிக மரியாதையாக.

லுபேகா ஒரு பெட்டிமேல் உட்கார்ந்தார். "யார்கிட்ட இரவல்?"

"சொல்ல முடியாது மாமா. வாக்குக் குடுத்திருக்கேன்."

"என் வீட்டுல வந்து நின்னுக்கிட்டு என்கிட்டயே சொல்ல முடியாதா?"

"மன்னிச்சுக்கங்க மாமா. பாட்டிலோட விலையை மாசாமாசம் சம்பளத்துல உங்களுக்குக் கட்டிடறேன். பெட்டியை மட்டும் வெள்ளிக்கிழமைக்குள்ள குடுத்துடுங்க. இல்லேன்னா அவங்க பொழப்பு போயிடும்."

நசோலோ அவனையே பார்த்துக்கொண்டிருந்தாள். நெற்றி வியர்த்திருந்தது. ஒரு தடவைகூட அவள் பக்கம் கண்ணைத் திருப்பவில்லை. எல்லா அவமானத்தையும் தானே சுமந்துகொண்டு போகத்தான் வந்திருக்கிறான். நப்வாமிக்கு நல்ல பையனாகத்தான் பார்த்திருக்கிறோம் என்று நினைத்தாள்.

"நான் ஒண்ணும் கல்நெஞ்சுக்காரன் இல்லை," என்றார் லுபேகா. "எவனோட பெட்டியோ அவன் வரட்டும். இங்க நின்னு, என் முகத்தைப் பாத்துச் சொல்லட்டும். இந்த நிமிஷமே ஏத்தி விடறேன். ஆனா ஒண்ணு, அவன் பேரை ஊர் முழுக்கச் சொல்லிச் சிரிப்பேன்."

"ஆள் யாருன்னு எனக்குத் தெரியும்," என்றது சுவர். சிரிப்பை அடக்கும் சத்தமும் கேட்டது. "நம்ம வீட்டு மத்தோக்கேயை நிறையச் சாப்பிட்ட ஆளு."

"யாரு?" லுபேகா சுவரைப் பார்த்தார். கதேரெக்கா தரையைப் பார்த்தான்.

நசோலோ நாலடி முன்னால் வந்து அண்ணனுக்கு நேராக நின்றாள்.

"அண்ணே, இப்படி என் முகத்தைப் பாரு."

"என்ன?"

"நாற்பதும் என்னோட பெட்டி."