மருமகள்களைக் கொன்றவள் பெண் கேட்கப் போனாள்

இதுவரை எத்தனை மருமகள்களைக் கொன்றிருக்கிறேன் என்று எனக்கே கணக்கில்லை. சூப்பில் விஷம் வைத்துப் பாதிப் பேரை முடித்தேன். மாடிப்படியில் தள்ளிவிட்டது கொஞ்சம். மிச்சத்தை மந்திரவாதியிடம் ஒப்படைத்தேன். அசாபாவில் எடுக்கிற படத்துக்குக் கொடுமைக்கார மாமியார் வேண்டுமென்றால் முதலில் ஒபியகேலியின் நம்பரைத்தான் தேடுவார்கள். அந்த ஒபியகேலி நான்தான், பெருமையாகவே சொல்லிக்கொள்கிறேன். என் புருஷன் போன பிறகு அந்த மருமகள்கள் செத்துத்தான் என் மகன் அசூகா படித்தான்.

நான் கல்யாணமாகி வந்த காலத்தில் அசாபா, உத்தியோகஸ்தர்கள் மேஜைமேல் தூங்கி விழுகிற ஊர். நைஜீரியாவில் பணம் என்றால் எண்ணெய். எண்ணெய் என்றால் தெற்கே வாரி, உகெல்லி பக்கம் போக வேண்டும். இன்று எங்கள் ஊர் ஓட்டலில் ரூம் கேட்டுப் பாருங்கள், "ஷூட்டிங் ஆளுங்க இருக்காங்க மேடம்" என்று கைவிரிப்பார்கள். தையல்காரி, ஜெனரேட்டர் வாடகைக்கு விடுகிறவன், சோறு ஆக்கி அனுப்புகிறவள், எல்லோருக்கும் சினிமாதான் படியளக்கிறது. எண்ணெய்க் கிணற்றில் வெல்டிங் வைத்தவன் எங்களுக்கு லைட் பிடிக்கிறான். அசூகாவே பெட்ரோலியப் பொறியியல் படித்தவன். கம்பெனி கூப்பிடும் கூப்பிடும் என்று காத்திருந்து அலுத்து, படங்களுக்குச் சத்தம் சேர்க்கிற வேலையில் இறங்கினான். மழை, காலடி, கதவு கிறீச்சிடுவது, நான் சிரித்தால் பின்னால் ஓர் இடி. இப்போது அவனிடம் நாலு பேர் சம்பளத்துக்கு இருக்கிறார்கள்.

அவன் மனம் வைத்த பெண் எலோஹோ. அசாபாவில் மருந்துக்கடை வைத்திருக்கிறாள். தங்கமான பெண், வாய் மட்டும் கொஞ்சம் நீளம். அவளுடைய அப்பா சீஃப் அக்போவெட்டா, எண்ணெய்க் கம்பெனிக்குக் குழாய் பதித்துக் கொடுத்த பெரிய கான்ட்ராக்டர். அவர்கள் குடியிருப்பது வாரியில் என்றாலும், பெண் கேட்கச் சொந்த ஊரான உகெல்லிக்கு வரச் சொல்லியிருந்தார்கள். அதே வாரம் எனக்கு லாகோஸிலிருந்து அழைப்பும் வந்திருந்தது. உலகம் முழுக்க வீட்டிலிருந்தே பார்க்கிற பெரிய தொடர். கதையே மாமியாரைச் சுற்றித்தான், மாமியார் நான். இத்தனை வருஷம் கதாநாயகிக்குக் குழி பறித்தவளுக்கு இப்போதுதான் கதை கிடைத்திருக்கிறது. மறுவாரம் ஷூட்டிங்.

பவளமாலையும் புது ஜார்ஜ் துணியுமாகக் கிளம்பினோம். நான், அசூகா, எங்கள் தரப்பில் பேச என் கொழுந்தன் ஒகோலி, இன்னும் நாலைந்து உறவினர்கள். கார் உகெல்லியில் ஒரு பெரிய கேட்டுக்குள் திரும்பியதும் எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. தங்க வண்ணம் பூசிய வளைவுப் படிக்கட்டு கண்ணாடிச் சுவருக்குப் பின்னால் பளபளத்தது. அந்தப் படியில்தான் என் மருமகள்கள் உருண்டிருக்கிறார்கள். ஒரு தடவை நானே உருண்டிருக்கிறேன்.

காவல்காரன் ஓடி வந்து கார் கதவைத் திறந்தான். "மேடம், இன்னிக்கு ஷூட்டிங்னு யாருமே சொல்லலையே? ஜெனரேட்டருக்கு டீசல் கூட ஊத்தலை."

"இன்னிக்கு ஷூட்டிங் இல்லப்பா. பொண்ணு கேக்க வந்திருக்கோம்."

அவன் என்னையும் வீட்டையும் மாறி மாறிப் பார்த்தான். "எந்தப் படத்துக்கு மேடம்?" என்றான்.

ஒகோலி என் காதருகில் வந்தான். "அண்ணி, வாயைத் திறக்காதீங்க. இந்த வீடு உங்களுக்குத் தெரியவே தெரியாது. பேசறதுக்குத்தான் நான் இருக்கேன்."

உகெல்லிப் பக்கத்து வழக்கம் அது. பெண் கேட்கும் சபையில் இரண்டு குடும்பத்துக்கும் ஆளுக்கொரு ஓட்டோட்டா இருப்பார். அவர்தான் பேசுவார். மற்றவர்கள் அவர் காதில்தான் சொல்ல வேண்டும். ஆடிய காலும் பாடிய வாயும் சும்மா இருக்காது என்பார்கள். நான் நாக்கைக் கடித்துக்கொண்டு உட்கார்ந்தேன்.

ஜின் பாட்டிலும், எந்தச் சபையிலும் முதலில் வைக்கிற கோலாக் கொட்டையும் தட்டில் வந்தன. ஆசீர்வாதம் முடிந்தது. எதிரே சீஃப், நல்ல உயரம், கையில் யானைவால் விசிறி. பக்கத்தில் பெண்ணின் அம்மா மேபெல். அவள் என்னைப் பார்த்த பார்வையைச் சந்தையில் பலமுறை பார்த்திருக்கிறேன். கருவாடு விற்கிறவள் ஒருத்தி, "புருஷனோட சொத்தையெல்லாம் புடுங்கிட்டு அந்தப் பொண்ணைத் தெருவுல விட்டியே, உனக்கு மீனில்லை போ" என்று என்னை விரட்டியிருக்கிறாள். அங்கே சிரித்துவிட்டு அடுத்த கடைக்குப் போகலாம். இங்கே எந்தக் கடைக்குப் போவது?

அவர்கள் பக்கத்து ஓட்டோட்டா தொண்டையைக் கனைத்தார். "பையன் என்ன வேலை பாக்கறார்?"

"படங்களுக்குச் சத்தம் போடறார்" என்றான் ஒகோலி.

"சத்தம் போடறதுக்குச் சம்பளமா? அப்படின்னா என் வீட்டுக்காரி இந்நேரம் கோடீஸ்வரி."

சபை சிரித்தது. சீஃப் சிரிக்கவில்லை. அவர் ஏதோ முணுமுணுக்க, ஓட்டோட்டா எடுத்துச் சொன்னார். "எங்க சீஃப் சொல்றார், எங்களுது எண்ணெய்ல உழைச்ச குடும்பம். சேத்துல எறங்கி, குழாயைத் தோள்ல தூக்கி வந்த காசு. சினிமாங்கிறது விளையாட்டு. அந்தக் காசு இந்த வாசல் படியை மிதிச்சதில்லை."

எனக்கு நாக்கு நமநமவென்றது. ஒகோலியின் சட்டையைப் பிடித்து இழுத்தேன். "அந்தத் தங்கப் படில நான் எத்தனை தடவை ஏறி எறங்கியிருக்கேன்னு கேளு."

"அண்ணி, வேணாம்."

"நீ கேக்கறியா, நான் கேக்கட்டா?"

ஒகோலி சட்டையை விடுவித்துக்கொண்டு சபை பக்கம் திரும்பினான். "எங்க வீட்டம்மா ஒரு சின்ன சந்தேகம் கேக்கறாங்க. இந்த மாடியில வலது பக்கம் மூணாவது ரூம் கட்டில் கால் ஆடிக்கிட்டிருந்துச்சே, சரி பண்ணிட்டீங்களான்னு."

அந்தக் கட்டிலைப் பற்றி எப்போதோ நான் புலம்பியதை நினைவு வைத்திருக்கிறான். நான் சொன்னதைவிட அது எவ்வளவோ மேல். கொழுந்தன் என்றால் இவனல்லவா கொழுந்தன்!

விசிறி நின்றது. மேபெல் புருஷன் பக்கம் மெதுவாகத் திரும்பினாள். ஓட்டோட்டாவெல்லாம் அந்த நிமிஷம் அவளுக்கு மறந்துபோயிற்று. "நான் கேட்டேனா இல்லையா? டிவியில வர்ற படி நம்ம வீட்டுப் படி மாதிரியே இருக்குன்னு கேட்டேனா இல்லையா? 'அது மாதிரி படி இந்த நாட்டுல நூறு வீட்டுல இருக்கு, வாயை மூடிட்டுப் படத்தைப் பாரு'ன்னு சொன்னீங்க."

"மேபெல், ஜனங்க இருக்காங்க."

"நாம வாரியில இருக்கோம், இந்த வீடு பூட்டிக் கிடக்குதுன்னு நெனச்சேன். என் கட்டில்ல யாரு யாரு படுத்தாங்களோ."

சீஃப் விசிறியை மடியில் வைத்தார். மனிதர் பொய்யை இழுத்துக்கொண்டு போகவில்லை. அதற்காகவே அவரை எனக்குப் பிடித்துப்போயிற்று. "கம்பெனி கான்ட்ராக்டை நிறுத்தி எத்தனை வருஷமாச்சு? இவ்வளவு பெரிய வீட்டுக்குப் பெயின்ட் யாரு அடிக்கறா? தண்ணி டேங்க் யாரு மாத்தினா? அவங்கதான். ஷூட்டிங்காரங்க வந்துபோனா வீடும் சுத்தமாகுது" என்றார் நேராகவே. பிறகு என்னைப் பார்த்து, "கட்டிலைச் சரி பண்ணிட்டேன்" என்றார்.

சபை வயிறு குலுங்கச் சிரித்தது. காரியம் பழம் என்று நான் மனக்கணக்குப் போட்டேன். யானைக்கும் அடி சறுக்கும்.

மேபெல் சிரிக்கவில்லை. ஓட்டோட்டாவின் காதில் நீளமாகச் சொன்னாள். அவர் தயங்கித் தயங்கிப் பேசினார். "எங்க வீட்டம்மா சொல்றாங்க, வீடு வேற, பிள்ளை வேற. பையன் மேல குறையில்லை. ஆனா பையனோட அம்மா இனிமே நடிக்க மாட்டேன்னு இந்தக் கோலாக் கொட்டை முன்னால சொல்லணும். சொன்னா இன்னிக்கே பேசி முடிக்கலாம்."

அசூகாவின் முகம் செத்துவிட்டது. அவன் என்னைப் பார்க்கவில்லை, தரையைப் பார்த்தான். 'அம்மா, சொல்லிடு' என்று அவன் ஒரு பார்வை பார்த்திருந்தால்கூட எனக்குக் கோபம் வந்திருக்கும், தப்பித்திருப்பேன். அவன் கேட்காததுதான் நெஞ்சை அறுத்தது. ஒரு பக்கம் பிள்ளை. மறு பக்கம் இருபது வருஷம் கழித்துக் கதவைத் தட்டிய வேஷம். எதைக் கழற்றி வைப்பது?

"முடியாதுன்னு சொல்லு" என்றேன் ஒகோலியிடம். "அவங்க பயத்துக்கு நான் சோத்தை விட முடியாது. அது நடிப்புன்னு அவங்களுக்குத் தெரியாதா?"

ஒகோலி எழுந்தான். "எங்க வீட்டம்மா உங்க கவலையை ரொம்ப ஆழமா யோசிக்கறாங்க."

"அவ அப்படிச் சொல்லலை" என்றாள் மேபெல். "அவ வாயைப் பாத்துட்டுத்தான் இருந்தேன். அசூகா அம்மா, நேராவே கேக்கறேன். நடிப்புன்னு எனக்கும் தெரியும். நான் முட்டாள் இல்லை. ஆனா அந்தப் பொண்ணுக்குச் சூப்பை ஊட்டிட்டு நீ ஒரு சிரிப்பு சிரிச்சியே, அது எங்கேருந்து வந்துச்சு? மனசுல இல்லாதது முகத்துல எப்படி வரும்?"

என்னிடம் பத்திரிகைக்காரர்கள் கேட்ட கேள்விகளிலெல்லாம் இவ்வளவு நல்ல கேள்வி இருந்ததில்லை.

அப்போது எலோஹோ உள்ளேயிருந்து வந்தாள். கூப்பிடாமல் பெண் சபைக்கு வரக்கூடாது. கையில் ஒரு தட்டு, அதில் பங்கா சூப்பும் மரவள்ளி மாவில் கிண்டிய ஸ்டார்ச் உருண்டையும். செம்பனைப் பழத்தின் வாசனை கூடத்தை நிறைத்தது. நேரே என் முன்னால் மண்டியிட்டாள்.

"மா, உங்க கையால ஊட்டுங்க."

"எலோஹோ" என்று அதட்டினாள் அவள் அம்மா.

"மருந்துக்கடை வெச்சிருக்கறது நான்தாம்மா. விஷம்னா என்னன்னு இங்க எனக்குத்தான் தெரியும்."

நான் ஸ்டார்ச்சைக் கிள்ளி, சூப்பில் தோய்த்து ஊட்டினேன். மென்றாள், விழுங்கினாள். இன்னொரு வாய் கொடுத்தேன். அவள் எழுந்தாள், இரண்டடி பின்னால் போனாள். கை வயிற்றுக்குப் போனது. கண் சொருகியது. "மா... என்ன குடுத்தீங்க" என்றாள், குரல் பிசிறியது. அப்படியே சரிந்து விழுந்தாள்.

கூடம் அலறியது. அசூகா பாய்ந்தான். மேபெல் மகள்மேல் விழுந்து அவள் முகத்தைப் பிடித்துக் குலுக்கினாள். யாரோ ஓர் அத்தை, "கொன்னுட்டா, நம்ம கண்ணு முன்னாலயே கொன்னுட்டா" என்று தலையிலடித்துக்கொண்டாள். சீஃப் காரை எடுக்கச் சொல்லிக் கத்தினார். ஓட்டோட்டாக்கள் இரண்டு பேரும் ஒரே நேரத்தில் ஆளுக்கொன்று கத்தினார்கள்.

நான் மட்டும் அசையவில்லை. நான் பார்த்ததை வேறு யாரும் பார்க்கவில்லை. விழுவதற்கு முன்னால் அந்தப் பெண் காலாலேயே கண்ணாடி ஸ்டூலை ஓரமாகத் தள்ளினாள். முழங்காலை முதலில் மடித்து, இடுப்பு, பிறகு தோள் என்று விழுந்தாள். துணி விலகாமல் ஒரு கை பிடித்திருந்தது. உண்மையில் சாகிறவள் துணியைப் பிடிக்கமாட்டாள். நான் அடுத்த உருண்டையை எடுத்து என் வாயில் போட்டேன். சூப் பிரமாதம்.

"பாருங்க, பாருங்க, உக்காந்து சாப்பிடறா" என்றாள் அத்தை.

"எலோஹோ, எந்திரி" என்றேன். "செத்தவளுக்கு வயிறு ஏறி எறங்கக் கூடாது. மூச்சை மேலேயே நிறுத்தணும்."

ஒரு கண் திறந்தது. "ஆனா நல்லாத்தானே விழுந்தேன் மா?"

அடுத்த நொடி மேபெல் தலைத்துணியை உருவி மகளை விளாசத் தொடங்கினாள். அடித்துக்கொண்டே அழுதாள். எலோஹோ அடியை வாங்கிக்கொண்டே அம்மாவைக் கட்டிப் பிடித்தாள். "அம்மா, சொல்லு. என் மனசுல சாவு இருந்துச்சா? கல்யாண ஆசைதான் இருந்துச்சு. முகத்துல எது வந்துச்சு?"

மேபெலின் கை நின்றது. அவள் மகளின் கன்னத்தை வெகுநேரம் தடவிக்கொண்டே இருந்தாள், உயிர் இருக்கிறதா என்று இன்னும் சரிபார்க்கிறவள் போல. அசூகா சுவரோரமாக உட்கார்ந்துவிட்டான். சீஃப் ஜின் பாட்டிலை எடுத்துத் தனக்குத் தானே ஊற்றிக்கொண்டார். முறைப்படி யாருக்கு முதலில் என்றெல்லாம் பார்க்கவில்லை.

மேபெல் எழுந்து வந்து என் பக்கத்து நாற்காலியில் உட்கார்ந்தாள். தலை கலைந்து, கண் சிவந்திருந்தது. என் தட்டிலிருந்தே ஒரு கிள்ளு ஸ்டார்ச் எடுத்து, சூப்பில் தோய்த்துச் சாப்பிட்டாள்.

"லாகோஸ் தொடர்லயும் மருமகளைக் கொல்லுவியா?"

பொய் சொல்ல எனக்கு மனமில்லை. "மூணாவது வாரத்துல."

"நான் எல்லாப் படமும் பாத்திருக்கேன். ஒண்ணு கேக்கட்டுமா? நீ கொன்ன பொண்ணுங்க ஒருத்திக்காவது அம்மா இருந்தாளா?"

யோசித்துப் பார்த்தேன். ஒருத்திக்கும் இல்லை. எல்லோரும் அநாதைகள், இல்லாவிட்டால் தூரத்து ஊர்க்காரிகள். அம்மா வேஷத்துக்கு ஆள் போட்டால் செலவு என்று தயாரிப்பாளர்கள் எழுதவே விடுவதில்லை.

"இல்லை" என்றேன்.

"அதான் செத்தாளுங்க." அவள் இன்னொரு கிள்ளு எடுத்தாள். "நீ நடி. எத்தனை பேரை வேணா கொல்லு. ஆனா இவளுக்கு அம்மா இருக்கா. வாரியிலேருந்து அசாபாவுக்கு மூணு மணி நேரம்தான், எனக்குக் கார் ஓட்டத் தெரியும்."

இருபது வருஷம் கேமரா முன்னால் எத்தனையோ பேரை மிரட்டியிருக்கிறேன். முதல் தடவையாக ஒருத்தி என்னை மிரட்டிவிட்டாள். தட்டை அவள் பக்கம் நகர்த்தினேன்.

"சாப்பிடுங்க சம்பந்தி" என்றேன்.