பசிட்டாவின் பார்வையில் சிவந்த கோழிகள்

ஏரிக்கரையில் இருக்கும் எங்கள் சான் ரோக்கே ஊரில் பல வருஷங்கள் திருவிழாக் கோழிகளை வாட்டியது விறகு அல்ல, பசிட்டாவின் பொறாமை. அந்த வருஷங்களில் விறகு விலை இறங்கியது, வெண்ணெய் விலை ஏறியது. அதற்கு முன்பு ஊர் முழுவதற்கும் ரொட்டிக்கடைக்காரரின் பெரிய அடுப்புதான். ஆகஸ்டில் புனிதர் ரோக்கின் திருவிழா வந்தால் வீட்டுக்கு வீடு ரெல்யேனோ என்ற அடைத்த கோழி செய்வார்கள். கோழியின் முதுகைக் கீறி, தோல் கிழியாமல் எலும்புக்கூட்டை மட்டும் உருவி எடுத்து, சோயாவிலும் எலுமிச்சைச் சாற்றிலும் ஊறப்போட்டு, கொத்திய பன்றிக்கறி, கேரட், உலர்திராட்சை, நடுவில் வரிசையாக அவித்த முட்டை என்று அடைத்து, ஊசி நூலால் தைத்து ஆவியில் வேகவைப்பார்கள். பொன்னிறம் மட்டும் ரொட்டிக்கடை அடுப்பில் வர வேண்டும். அங்கே கோழி மாறிப்போகாமல் இருக்க வீட்டுக்கு ஒரு நிற நூல். பசிட்டா வீட்டு நூல் சிவப்பு, அவள் ஓரகத்தி நார்சிசா வீட்டு நூல் நீலம்.

கோயில் வாசலில் நீள மேஜை போட்டு விருந்து நடக்கும். பங்குச் சாமியாருக்கு நேர் எதிரே, நடு இடத்தில், பசிட்டாவின் கோழிதான் இருக்கும். அவள் கொழுந்தன் தேபன் அக்கரையிலிருந்து நார்சிசாவைக் கட்டிக்கொண்டு வரும்வரை அப்படித்தான் இருந்தது. நார்சிசாவின் கோழியை எங்கே வெட்டினாலும் துண்டின் நடுவில் மஞ்சள் கரு இருந்தது. முதல் வருஷமே நடு இடம் கைமாறியது. அதைக்கூடப் பசிட்டா பொறுத்திருப்பாள். அவள் புருஷன் ஆம்போ அந்தக் கோழியை இரண்டாம் முறை கேட்டு வாங்கித் தின்றான்.

"என்னடி முறைக்கிற? கோழிதானே. தம்பி பொண்டாட்டி சமைச்சா தொண்டையில இறங்காதா?" என்றான்.

அடுத்த வருஷம் புயலில் ரொட்டிக்கடை அடுப்பு இடிந்து விழுந்தது. நார்சிசா தன் கோழியை ஆவியில் வேகவைத்து, என்ன செய்வது என்று தெரியாமல் ஜன்னலோரம் வைத்திருந்தாள். அந்த வழியாகப் போன பசிட்டா நின்று பார்த்தாள். பார்க்கப் பார்க்கத் தோல் பொரிந்தது, கொழுப்பு சொட்டியது, பொன்னிறம் கழுத்திலிருந்து கால்வரை இறங்கியது. நார்சிசா கையைத் துடைத்துக்கொண்டு வெளியே வந்தாள்.

"அக்கா, ரொம்ப நல்லா வந்திருக்குக்கா. நீங்க இல்லன்னா நான் என்ன பண்ணியிருப்பேன்?" என்றாள்.

கபடமில்லாமல்தான் சொன்னாள். நார்சிசாவுக்கு யாரைப் பார்த்தும் பொறாமைப்படத் தெரியாது. பசிட்டாவால் தாங்க முடியாமல் போனதும் அதுதான். மற்ற ஊர்களில் கல்லடி பட்டாலும் கண்ணடி படக்கூடாது என்பார்கள். எங்கள் ஊரிலோ மறுநாளிலிருந்தே கண்ணடி வாங்க வரிசை நின்றது. கோழியை அவள் முன்னால் சும்மா வைத்தால் போதாது, கூடவே பெருமையும் அடிக்க வேண்டும். புதுத் தையல் மிஷின் வாங்கிய கதைக்குத் தோல் லேசாக நிறம் மாறும். மகன் கப்பலில் வேலைக்குச் சேர்ந்த கதைக்கு நன்றாகச் சிவக்கும். மீன்காரர் மனைவி ஒருத்தி, கல்யாணமான நாளிலிருந்து தன் புருஷன் ஒருமுறைகூடக் குரலை உயர்த்தியதில்லை என்று சொல்லிவிட்டாள். அந்தக் கோழி கரியாகிப் போனது.

கல்யாணத்துக்கு, ஞானஸ்நானத்துக்கு, கிறிஸ்துமஸுக்கு என்று வருஷம் முழுவதும் ஆட்கள் வந்தார்கள். ரொட்டிக்கடைக்காரர் அடுப்பைத் திரும்பக் கட்டவில்லை. பசிட்டாவின் சொந்தக் கோழி மட்டும் சிவக்கவே இல்லை. எதிரே உட்கார்ந்து மணிக்கணக்கில் பார்ப்பாள். தன் பொருளைப் பார்த்துத் தானே பொறாமைப்பட யாரால் முடியும்? ஒரு தடவை படகேறிப் பக்கத்து ஊர் அடுப்புக்குக் கொண்டுபோனாள். "நெருப்பைக் கையில வச்சிக்கிட்டு இங்க எதுக்கு வந்தீங்க?" என்று அங்கேயும் கேட்டார்கள். திரும்பி வந்துவிட்டாள். திருவிழா மேஜையின் கடைசியில், சோற்றுப் பானைக்குப் பக்கத்தில், சிவப்பு நூல் போட்ட வெள்ளைக் கோழி வருஷா வருஷம் இருந்தது. மரியாதைக்கு ஒரு துண்டு எடுப்பார்கள். ஒரே ஒரு தடவையாவது தன் கோழியைப் பார்த்து யாராவது வயிறெரிய வேண்டும் என்று அவள் ஏங்கினாள். கடவுளிடம் கேட்கக் கூச்சமாக இருந்ததால் புனிதர் ரோக்கின் சிலைக் காலடியில் இருக்கும் நாயிடம் கேட்டுக்கொண்டாள்.

இதற்குள் தேபன் இறந்துபோனான், நார்சிசாவின் பிள்ளைகள் மணிலாவுக்குப் போனார்கள். அடுத்து வந்த திருவிழாக் காலையிலும் நார்சிசா கோழியோடு வந்து வரிசையில் உட்கார்ந்தாள். பசிட்டாவின் வாசல் நிறைய ஆட்கள். ஒருத்தி மருமகள் உண்டான கதையைச் சொன்னாள், இன்னொருத்தி புதுக்கூரையைப் பற்றிச் சொன்னாள். ஊரின் நல்ல சேதி எல்லாம் முதலில் வந்து சேர்வது இந்த வீட்டுக்குத்தான். ஆம்போ பல்லில்லாத வாயோடு எல்லோருக்கும் காப்பி கொடுத்துக்கொண்டிருந்தான். நார்சிசா பக்கத்துப் பலகையில் இருந்த பசிட்டாவின் வெள்ளைக் கோழியைப் பார்த்தபடி சொன்னாள்:

"என் வீட்டுக்கு வர்றவங்க சாப்பிட்டுட்டுப் போயிடுறாங்கக்கா. உங்க வீட்ல உக்காந்து பேசுறாங்க. அண்ணனும் உயிரோட இருக்காரு. உங்களுக்கு என்னக்கா குறை?"

அவள் கோழியிலிருந்து கண்ணை எடுக்கவில்லை. சிவப்புத் தையலுக்குப் பக்கத்தில் தோல் சுருங்கி, பொரியும் சத்தம் கேட்டது.

பசிட்டா தன் முன்னால் இருந்த கோழியை அப்படியே விட்டுவிட்டு எழுந்து வந்தாள். பொன்னிறம் பரவுவதைப் பார்த்தாள், பிறகு நார்சிசாவின் முகத்தைப் பார்த்தாள். வெண்ணெயும் தூரிகையும் எடுத்து வந்து, ஓரகத்தியை இடித்துக்கொண்டு பலகையில் உட்கார்ந்தாள். கோழியை மெல்லத் திருப்பி வைத்தாள்.

"இந்தப் பக்கமும் கொஞ்சம் பாரு," என்றாள்.

நார்சிசா பார்த்தாள்.

அன்று நடு இடத்துக்குப் போனது சிவப்பு நூல் கோழி. நீல நூல் கோழியும் வரிசையில் இருந்த மற்ற கோழிகளும் வெள்ளையாகவே மேஜைக்கு வந்தன. ஆவியில் வெந்தவைதான், சாப்பிட ஒன்றும் கெடுதல் இல்லை. பசிட்டாவுக்கு அன்று யார்மேலும் பொறாமை வரவில்லை, என்ன செய்வது.