புலி வரும் பக்கம்

வெட்டப்படும் காட்சியில் இருப்பவர்கள் அதை வரைந்தவரின் வீட்டுக்குப் போய்விடுவார்கள். சாலிகிராமத்து அனிமேஷன் ஸ்டூடியோக்களில் இதுதான் நடைமுறை. படத்தின் காட்சிகளை முன்கூட்டியே கட்டம் கட்டமாக வரைந்து தரும் ஸ்டோரிபோர்டு ஓவியர் தணிகைவேலுக்குப் பத்தொன்பது வருட சர்வீஸ். இதுவரை இரண்டு தபால்காரர்கள், ஒரு மந்திரி, குடையோடு ஒரு தவளை என்று வந்து மொட்டைமாடி அறையில் குடியிருக்கிறார்கள். மனைவி மாலினியும் பற்பசை விளம்பரமொன்றில் வெட்டுப்பட்டு வந்தவள்தான். அந்த ஒரு வெட்டில் மட்டும் அவருக்கு எந்தக் குறையும் இல்லை.

இன்றைய சிக்கல் புலியால் வந்தது. குழந்தைகள் தொடரின் புது எபிசோடில் எட்டுக் கட்டங்களுக்கு ஒரு புலி வருகிறது. மூன்று நாள் பட்டினி என்று திரைக்கதையில் இருந்தது. தணிகைவேலுக்கு எதையும் அரைகுறையாகச் செய்யத் தெரியாது. விலா எலும்பை ஒன்றுவிடாமல் வரைந்து வைத்திருந்தார்.

மூன்று மணிக்குக் கட்டங்களைச் சுவரில் ஒட்டி, இயக்குநர் ரெஜினால்டுக்கு வழக்கம்போல் நடித்துக் காட்டினார். புலிக்குத் தொண்டை கிழிய உறுமினார். புலி படத்திலேயே தங்கியாக வேண்டும். வீட்டில் நாலு வயது நறுமுகை இருக்கிறாள்.

"நல்லா இருக்கு தணிகை. ஆனா இருபது செகண்ட் நீளம் ஜாஸ்தி" என்றார் ரெஜினால்ட். "புலியத் தூக்கிடலாம்."

"முயல் வர்ற சீனத் தூக்கலாமே சார்."

"முயல் பொம்மை விக்கப்போறாங்க. அது இருக்கணும்."

"வீட்ல குழந்தை இருக்கு சார்."

"எல்லார் வீட்லயும்தான் இருக்கு" என்று சிவப்புப் பென்சிலால் எட்டுக் கட்டத்தையும் அடித்தார்.

புலி எழுந்து சோம்பல் முறித்து, கட்டத்தின் வலது ஓரமாக வெளியேறிப் படியிறங்கியது. வாட்ச்மேன் நோட்டில் நேரம் குறித்துக்கொண்டார்.

தணிகைவேல் ஸ்கூட்டரை எடுத்துக்கொண்டு பின்னாலேயே விரட்டினார். புலி அவசரமே படாமல் போனது. ஆனாலும் எட்டிப்பிடிக்க முடியவில்லை. வளசரவாக்கத்தில் தன் தெருமுனை வந்ததும் மாலினிக்குப் போன் போட்டார்.

"புலி வருது. நம்ம தெருவுக்குள்ள நுழைஞ்சிடுச்சு."

"தெரியுது. வாசல்லதான் நிக்கிறேன். பசியா?"

"மூணு நாள் பட்டினின்னு வரைஞ்சேன்."

"இடமிருந்து வலமா வருது" என்றாள். "நான் பாப்பாவத் தூக்கிட்டு எதிர் வரிசைக்குப் போயிடறேன்."

கட்டத்திலிருந்து வந்தவளுக்குச் சொல்லித்தர வேண்டியதில்லை. ஸ்டோரிபோர்டில் தரையில் கண்ணுக்குத் தெரியாத கோடு ஒன்று உண்டு. கோட்டுக்கு இந்தப் பக்கமிருந்து பார்த்தால் வலப்பக்கம் போகிறவன், அந்தப் பக்கமிருந்து பார்த்தால் இடப்பக்கம் போவான். அதாவது, திரும்பிப் போவான். வேலைக்குச் சேர்ந்த புதிதில் தணிகைவேல் தெரியாமல் கோட்டைத் தாண்டி வரைந்துவிட்டதில், பெண் வீட்டுக்குக் கிளம்பிய மாப்பிள்ளை வேன் வந்த வழியே போய்விட்டது. கல்யாணம் நின்றுபோனது.

மாலினி குழந்தையோடு தெருவைக் கடந்து மருந்துக்கடைப் படியில் ஏறி நின்று பார்த்தாள். வீட்டு வாசலுக்கு இரண்டு வீடு முன்னால் வந்துவிட்ட புலி, நடையைக் குறைக்காமல், திரும்பவும் செய்யாமல், வந்த வழியே போய்க்கொண்டிருந்தது. பின்னால் வந்த தண்ணீர் கேன் ஆட்டோவும் அப்படியே போனது. அதற்கும் பின்னால் வந்த தணிகைவேலும் போய்க்கொண்டிருந்தார்.

குழந்தை பிழைத்தது. அந்த நிம்மதியில் அவருக்குக் கண் கலங்கிவிட்டது. மெயின் ரோடு சிக்னலில் சிவப்பு விழுந்ததும் போனை மறுபடி காதில் வைத்தார்.

"நீங்களும் அதே பக்கமாத்தானே வந்தீங்க, அதான் நீங்களும் திரும்பிப் போறீங்க" என்றாள் மாலினி.

"ஆமா. நீ எப்ப நம்ம பக்கத்துக்கு வருவே?"

"வந்தா அதுவும் வருமே." அவள் குரல் உடைந்து, பிறகு சரியானது. "பாப்பா வளர்ந்து, அவளுக்கு ஓடத் தெரிஞ்சதும் வரேன்."

"சரி. அவளுக்கு வெயில் படாம பாத்துக்கோ. மருந்துக்கடையில ஸ்டூல் கேட்டா தருவாங்க."

"தந்துட்டாங்க."

பக்கத்தில் புலியும் சிக்னலுக்காக நின்றுகொண்டிருந்தது. பச்சை விழுந்தது. புலி முன்னால் போக, தணிகைவேல் அதன் பின்னால் வண்டியை விட்டார்.