கதாநாயகனின் காலுறை

அந்தப் படத்தின் கதாநாயகன் உண்மையில் மூன்று பேர். முகம் ஒருவருடையது, பாடும் குரல் இன்னொருவருடையது, ஆடும் கால்கள் மூன்றாமவருடையவை. சுவரொட்டியில் முகம் மட்டும்தான் இருந்தது. குரலுக்காவது படத்தின் தொடக்கத்தில் ஒரு வரி போட்டார்கள். காலுக்கு அதுவும் கிடையாது.

ஸ்டூடியோவில் அவருக்குப் பெயரே 'கால்' என்றாகிவிட்டது. "கால் வந்தாச்சா? கால் சாப்பிட்டாச்சா?" என்று மேனேஜர் விசாரித்துக்கொண்டு திரிவார். நாயகனுக்கு நடனம் சுத்தமாக வராது. நேராக நடக்கச் சொன்னாலே நாற்காலியில் இடித்துக்கொள்வார். அதனால் ஆறு வருடமாக, ஒன்பது படங்களில், நாயகனுக்குக் காதல் வந்து துள்ளும்போதெல்லாம் கேமரா இடுப்புக்குக் கீழே இறங்கும். அங்கே கால் தயாராக நிற்பார். வெளியே மூச்சு விட்டால் வேலை போய்விடும் என்று எழுதி வாங்கியிருந்தார்கள்.

எழுதிக் கொடுத்த அன்றே அவர் வீட்டுக்குப் போய் மனைவியிடம் சொல்லிவிட்டார். கட்டியவளிடம்கூடச் சொல்லாவிட்டால் அப்புறம் ஆடித்தான் என்ன பிரயோஜனம்? அவள் பொறுமையாகக் கேட்டுவிட்டு "சரிங்க" என்றாள். ஆறு வருடத்தில் அந்தச் "சரிங்க"வுக்கு மேல் ஒரு வார்த்தை வரவில்லை. டைப்ரைட்டிங் சொல்லிக்கொடுக்கும் அவள் அண்ணன் காதுக்கும் விஷயம் எட்டியது, அவருக்கோ நாக்கு சும்மா இருக்காது. "என்ன மாப்ளே, புதுப் படத்துல உங்க முட்டி பிரமாதமா நடிச்சிருந்துச்சே" என்பார். மாப்பிள்ளை ஸ்டூடியோவைப் பெருக்குகிறார் என்பது அவருடைய தீர்மானம். அண்ணன் நம்பாவிட்டால் கிடக்கட்டும். மனைவி நம்புகிறாளா என்பதுதான் காலின் மனதை அரித்தது. கேட்கவும் பயம். இல்லை என்று சொல்லிவிட்டால் அப்புறம் அந்த வீட்டில் எந்த முகத்தை வைத்துக்கொண்டு உட்காருவது?

இந்தப் படத்தின் கடைசிப் பாட்டு, மாடிப்படி நடனம். அன்று பார்த்து உடைக்காரர் துவைத்துக் கொண்டுவந்த பட்டுக் காலுறை சுருங்கி, தொட்டில் பிள்ளைக்குப் போடும் அளவுக்கு வந்திருந்தது. டைரக்டர் கத்தின கத்தலில், கால் தன் சொந்தக் காலுறையோடே ஆடிவிட்டார். கறுப்புக் காலுறை. கணுக்காலுக்கு மேலே கிழிந்திருந்ததை மனைவி முந்தின வாரம்தான் தைத்திருந்தாள். கறுப்பு நூல் தீர்ந்துபோனதால் வெள்ளை நூல். "பேன்ட்டுக்குள்ள கிடக்கப் போகுது, யாரு பாக்கப் போறாங்க" என்று சொல்லிக்கொண்டே தைத்தாள். அவள் தையலே தனி தினுசு. குறுக்கும் நெடுக்குமாக இழுத்து, கடைசியில் மீன்வால் மாதிரி இரண்டாகப் பிரித்து முடிப்பாள். அந்த வீட்டுத் தலையணை உறையிலும் மீன்வால் உண்டு, அண்ணன் சட்டைக் காலரிலும் உண்டு.

முதல் காட்சிக்குத் தொழிலாளர் குடும்பங்களுக்கெல்லாம் கடைசி வரிசையில் இடம் கொடுத்தார்கள். கால் நடுவில், மனைவி ஒரு பக்கம், அண்ணன் மறுபக்கம். கதை என்னவென்றால், பணக்காரப் பையன் தபால்காரனாக வேஷம் போடுகிறான், பணக்காரப் பெண் வேலைக்காரியாக வேஷம் போடுகிறாள், ஒருவர் ஏழ்மையை ஒருவர் உருகி உருகிக் காதலிக்கிறார்கள். ஒட்டுமீசை வைத்தால் பெற்ற அப்பனுக்கே பிள்ளையை அடையாளம் தெரிவதில்லை. கடிதம் வந்தால் ஒரு பாட்டு, வராவிட்டால் அதற்கும் ஒரு பாட்டு. ஜனங்கள் விழுந்து விழுந்து சிரித்தார்கள்.

கடைசிப் பாட்டு வந்தது. நாயகன் மாடிப்படி உச்சியில் நின்று பல்லைக் காட்டினார். கேமரா கீழே இறங்கியது. கால்கள் தடதடவென்று படியிறங்கி ஒரு துள்ளு துள்ளின. பேன்ட் மேலே ஏற, திரை முழுக்க ஒரே ஒரு கணுக்கால். அதில் ஆள் உயரத்துக்கு வெள்ளைத் தையல், மீன்வாலோடு.

பக்கத்தில் மனைவி நாற்காலி நுனிக்கு நகர்ந்தது அவருக்குத் தெரிந்தது. திரும்பிப் பார்க்கத் தைரியம் வரவில்லை. அண்ணன் தன் காலரைத் தடவிப் பார்த்துக்கொண்டார்.

படம் முடிந்ததும் நாயகன் மேடையேறினார். "ஒவ்வொரு ஸ்டெப்பும் நானே ஆடினது. பாதத்துல ரத்தம் கட்டிடுச்சு. உங்களுக்காகத் தாங்கிக்கிட்டேன்" என்று கண்ணைத் துடைத்தார். கொட்டகை அதிரக் கைதட்டல். கால் பழக்கதோஷத்தில் தானும் தட்டினார்.

மனைவி எழுந்து நின்றாள். கால் பதறிப்போய், "உக்காரும்மா, வேலை போயிடும்" என்று கையைப் பிடித்தார். அவள் உதறினாள்.

"ஒரு சந்தேகம் சார். அந்தக் காலுறையில ஒரு தையல் தெரிஞ்சுதே, அதைத் தைச்சது யாரு?"

நாயகன் ஒரு நொடி திருதிருவென்று விழித்தார். ஒரே ஒரு நொடிதான். பிறகு முன்வரிசையைப் பார்த்துக் கை நீட்டினார். அவருக்கு நடிக்க வராது என்று சொன்னவன் வாயில் மண்.

"என் மனைவிங்க. எவ்வளவு வசதி வந்தாலும் நான் கிழிஞ்சதைத் தைச்சுத்தான் போடுவேன். அதுவும் அவங்க கையால தைச்சாத்தான் போடுவேன்."

ஆகா, என்ன எளிமை, என்ன எளிமை என்று கொட்டகையே எழுந்து நின்று தட்டியது. முன்வரிசையில் விரலுக்கு ஒரு மோதிரம் போட்ட அம்மாள், ஊசியின் எந்தப் பக்கம் குத்தும் என்று தெரியாத முகத்தோடு எழுந்து நாலா பக்கமும் தலையசைத்தார்.

வெளியே வந்து தெருமுனை திரும்பியதும் மனைவி நின்றாள். அண்ணன் முதல்முறையாக வாயை மூடிக்கொண்டு பின்னால் வந்தார்.

"ஆறு வருஷமா நான் உங்களை நம்பலைங்க" என்றாள்.

"தெரியும்."

"தப்புதான். உங்களைக் கால்னு கூப்பிடறானுங்க, காலை எடுத்துக்கறானுங்க, வேலைன்னு நீங்களும் குடுத்துட்டீங்க. ராவெல்லாம் கண்ணு வலிக்கத் தைச்சவ நான். என் தையலைத் தூக்கித் தன் பொண்டாட்டிக்குக் குடுக்க அந்த ஆளு யாருங்க?"

அவளுக்குக் கோபம் தலைக்கேறியிருந்தது. அவருக்கோ நடுத்தெருவில் ஒரு ஆட்டம் போடலாம் போல அவ்வளவு சந்தோஷம். எழுதிக் கொடுத்தது ஞாபகம் வந்து அடக்கிக்கொண்டார்.

அடுத்த படம் தொடங்கியபோது மேனேஜர் வீட்டுக்கே வந்துவிட்டார். ஜனங்களுக்கு அந்தத் தைத்த காலுறை ரொம்பப் பிடித்துவிட்டதாம். இந்தப் படத்திலும் அதையே போட்டு ஆட வேண்டும் என்று நாயகனின் கட்டளை. மனைவி உள்ளே போனாள். கத்தரிக்கோல் சத்தம் கேட்டது. திரும்பி வந்து காலுறையைக் கணவர் கையில் கொடுத்தாள். கணுக்காலில் இரண்டு விரல் நுழையும் ஓட்டை.

"தையல் எங்கேம்மா?" என்று மேனேஜர் பதறினார்.

"பிரிச்சுட்டேன். அவர் வீட்டுல குடுத்துத் தைச்சுக்கிட்டு வரச் சொல்லுங்க. அவங்க கையால தைச்சாத்தான் போடுவாராமே."